முடியாத படத்துக்கும் ஒரு திரை கொடுங்கள்

வேலூர்ப் பக்கம் குறும்படப் போட்டி நடத்தும் கல்லூரிகளுக்கும் திரைப்பட அமைப்புகளுக்கும்,

வணக்கம். "முழுமையடைந்த படங்கள் மட்டுமே ஏற்கப்படும்" என்று உங்கள் அறிவிப்புகளில் ஒரு வரி வருகிறதே, அதைப் பற்றித்தான் இந்த மடல்.

குடியாத்தத்தில் லுங்கி நெய்துகொண்டிருந்த என் பெரியப்பாவை வைத்து ஒரு குறும்படம் எடுத்தேன். தறியைப் பிரித்து விற்கப்போகும் நெசவாளி, தறியில் ஏற்றிய கடைசிப் பாவு நூலை நெய்து முடிக்கிற கதை. ஒரு காட்சியில், வசனத்துக்கு நடுவே இழை அறுந்துவிட்டது. பேச்சை அப்படியே விட்டுவிட்டுக் குனிந்தார். இரண்டு நுனியையும் தேடிப் பிடித்து முடிச்சுப் போட்டார். குறுக்கு இழை ஓட்டும் நாடாவை ஒருமுறை ஓடவிட்டுப் பார்த்த பிறகுதான் மீதி வசனம் வந்தது. படத்திலேயே நல்ல காட்சி அதுதான். தறியைப் பிரிக்கும் காட்சி மட்டும் பாக்கி, டப்பிங்கும் பாக்கி. அதற்குள் மாரடைப்பில் போய்விட்டார்.

"டூப் போட்டு முதுகைக் காட்டி முடி", "குரலை ஏஐ-யில் கொண்டுவந்துவிடலாம்" என்கிறார்கள் நண்பர்கள். அக்கறையில்தான் சொல்கிறார்கள். கோடிகள் முடங்கிக் கிடக்கும் படங்களுக்கு வேறு வழியில்லை. விவேக் 2021-ல் மறைந்தார். அவர் நடித்த 'இந்தியன் 2' 2024-ல் வந்தது. இந்தி நடிகர் ரிஷி கபூர் 2020-ல் இறந்தபின் 'சர்மாஜி நம்கீன்' படத்தில் அவருடைய மீதிக் காட்சிகளில் பரேஷ் ராவல் நடித்தார். ஆள் மாறியதை ஒளிக்கவில்லை. அந்த நேர்மை எனக்குப் பிடித்தது. 'லால் சலாம்' பாட்டில் மறைந்த பாடகர்கள் பம்பா பாக்யா, சாகுல் ஹமீது குரல்களை ஏஐ-யில் கொண்டுவந்தபோது, குடும்பத்தாரின் அனுமதி பெற்றுச் சன்மானமும் கொடுத்ததாக ஏ.ஆர்.ரகுமான் சொன்னார்.

எங்கள் படத்தில் யாருடைய பணமும் முடங்கவில்லை. டப்பிங்குக்கு வழிகாட்டப் படப்பிடிப்பிலேயே பதிவான குரலை, அதாவது பைலட் ட்ராக்கை, பெரியம்மாவுக்குப் போட்டுக் காட்டினேன். பாதி வார்த்தைகள் தறிச் சத்தத்தில் அமுங்கிப் போயிருக்கின்றன. "அப்படியே இருக்கட்டும்பா. அவரு பேசறதே அப்படித்தான் கேக்கும் எனக்கு" என்றார். அதற்குமேல் இன்னொரு குரலை ஒட்ட எனக்கு மனசில்லை.

நம் ஊரில் கையில் செல்போனோடு படமெடுக்கும் பிள்ளைகளுக்குத் தாத்தா, பாட்டி, பக்கத்து வீட்டுப் பெரியவர்தான் நடிகர்கள். எனக்கு நேர்ந்தது அவர்களுக்கும் நேரும். ஆகவே, பரிசுப் போட்டிக்கு வெளியே ஒரு அரைமணி நேரம் ஒதுக்குங்கள். நடித்தவரின் மறைவால் நின்றுபோன படங்களை நின்ற இடம்வரை திரையிடுங்கள். எடுக்காத காட்சியை எழுத்தில் போட்டால் போதும். மறைந்தவரின் முகத்தையோ குரலையோ கணினியில் உருவாக்கியிருந்தால், அதைச் சொல்லவும் குடும்பத்தாரின் ஒப்புதலை இணைக்கவும் விண்ணப்பத்தில் இடம் வையுங்கள்.

அடுத்த அறிவிப்பு வெளியாவதற்குள் இதை முடிவு செய்யுங்கள். உட்கார்ந்து பேசக் கூப்பிட்டால் வருகிறேன்.

அன்புடன்,
குடியாத்தத்திலிருந்து ஒரு குறும்பட இயக்குநர்