ஒரு கைடு பின்னுக்காக நான்கு முறை மலையிறங்கிய வாடிக்கையாளரின் புகார்

அனுப்புநர்
சிறு தேயிலை விவசாயி,
கோத்தகிரி வட்டம், நீலகிரி மாவட்டம்.
(பெயர், முகவரி, வண்டிப் பதிவெண், சேஸ் எண் அனைத்தும் தங்கள் பதிவேட்டில் உள்ளன.)

பெறுநர்
பொது மேலாளர்,
வாடிக்கையாளர் குறைதீர்ப்புப் பிரிவு,
தலைமை அலுவலகம்.

நாள்: 18.11.2025

பொருள்: முன் சக்கர பிரேக் காலிபர் கைடு பின் மாற்றியதில் நேர்ந்த சேவைக் குறைபாடு, பணத்தைத் திருப்பித் தரவும் இழப்பீடு வழங்கவும் கோருதல்.

ஐயா,

வணக்கம். இது தங்கள் நிறுவனத்துக்கு நான் எழுதும் ஐந்தாவது கடிதம். முதல் நான்கையும் மின்னஞ்சலில் அனுப்பினேன். ஒவ்வொன்றுக்கும் ஒரு புகார் எண் வந்தது. எண்ணைத் தவிர வேறெதுவும் வரவில்லை. இப்போது என்னிடம் நான்கு புகார் எண்கள் இருக்கின்றன, அவற்றை வைத்து ஒரு நட்டைக்கூடக் கழற்ற முடியாது. ஆகவே இம்முறை விரைவுத் தபாலில், பதிவு வசதியுடன் அனுப்புகிறேன். தங்கள் மேசைக்கு இது வந்து சேர்ந்தது என்பதற்காவது ஒரு கையெழுத்து கிடைக்கும் அல்லவா.

எனது வண்டி 2009ஆம் ஆண்டில் தாங்கள் தயாரித்த பெட்ரோல் வண்டி. அதன் முன் சக்கர டிஸ்க் பிரேக் எப்படி வேலை செய்கிறது என்று அதைச் செய்தவர்களுக்கே நான் பாடம் எடுக்கத் தேவையில்லை. சக்கரத்தோடு சுழலும் டிஸ்க்கை இரு பக்கமும் பேட் என்ற உரசு கட்டைகளால் கவ்விப் பிடிப்பது காலிபர். அதன் பிஸ்டன் உள்பக்கத்தில் மட்டும்தான் இருக்கிறது. அது உள் பேடை டிஸ்க்கின் மேல் அழுத்தும்போது காலிபர் முழுவதும் இரண்டு கைடு பின்களின் மீது வழுக்கி நகர்ந்து வெளிப் பேடையும் இழுத்து அழுத்துகிறது. கைடு பின் தேய்ந்தால் காலிபர் ஆடும், சத்தம் வரும். கைடு பின் இறுகிக்கொண்டால் காலிபர் நகராது, உள் பேடே எல்லா பாரத்தையும் சுமந்து தேயும், பெடலிலிருந்து காலை எடுத்த பிறகும் பேட் டிஸ்க்கை விடாமல் உரசிச் சூடேறும். இவை இரண்டும் என் வண்டிக்கு நேர்ந்தன. முதலாவது வயதினால் வந்தது, அதற்காக யாரையும் குறை சொல்லவில்லை. இரண்டாவது தங்கள் சர்வீஸ் சென்டரின் கைங்கரியம்.

கடந்த ஜூன் 11ஆம் தேதி, குண்டும் குழியுமான தோட்டப் பாதையில் போகும்போது வலது முன் சக்கரத்தில் ‘கடகட’ என்ற சத்தம் வருவதாகவும், பிரேக்கை லேசாக மிதித்தால் அது நின்றுவிடுவதாகவும் சொல்லி, கோவையில் உள்ள தங்கள் அங்கீகாரம் பெற்ற சர்வீஸ் சென்டரில் வண்டியை விட்டேன். பிரேக் மிதித்தால் நிற்கும் சத்தம் எங்கிருந்து வரும் என்பதை ஊர் மெக்கானிக்கே காதால் கேட்டுச் சொல்லிவிடுவார். அங்கோ, 2,850 ரூபாய் வாங்கிக்கொண்டு நான்கு பேட்களையும் மாற்றினார்கள். சத்தம் அப்படியே இருந்தது. ‘புது பேட் செட் ஆக ஐந்நூறு கிலோமீட்டர் ஓட வேண்டும்’ என்றார்கள். நானும் நம்பி ஓட்டினேன்.

ஆகஸ்ட் 20ஆம் தேதி இரண்டாம் முறை போனபோதுதான் கைடு பின் தேய்ந்திருக்கிறது என்று கண்டுபிடித்தார்கள். கண்டுபிடித்ததோடு, கைடு பின் தனியாக வராது, காலிபர் அசெம்ப்ளியாகத்தான் வரும், இரு பக்கமும் சேர்த்து 18,400 ரூபாய் ஆகும் என்று ஒரு மதிப்பீட்டுத் தாளையும் நீட்டினார்கள். தங்கள் உதிரிபாகப் பட்டியலில் கைடு பின்னும், அதை மூடும் ரப்பர் உறையான பூட்டும் தனித்தனி எண்களோடு இருப்பதை நான் கைபேசியில் காட்டியபோது, அங்கிருந்த சர்வீஸ் அட்வைசர் அதை ஒரு பார்வைகூடப் பார்க்காமல் சொன்னது இது: “சார், பதினாறு வருஷ வண்டிக்கு இவ்வளவு பார்க்கக் கூடாது. எக்ஸ்சேஞ்ச்ல போட்டுட்டுப் புது வண்டி எடுங்க, மலைக்கு நல்லா இழுக்கும்.”

இந்த ஒரு வாக்கியத்தை நான் மறக்கப் போவதில்லை. அந்த இளைஞர் என் மகனைவிட வயதில் சிறியவர். அவர் பள்ளிக்கூடம் போன காலத்திலிருந்து அந்த வண்டி தேயிலை மூட்டையும் உர மூட்டையும் சுமந்து மலை ஏறி இறங்குகிறது. சென்ற ஆண்டுதான் ஊட்டி வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் வண்டியை நிறுத்தி, பிரேக் உட்பட எல்லாவற்றையும் ஆய்வாளர் பார்த்து, பதிவை இன்னும் 5 ஆண்டுகளுக்குப் புதுப்பித்துக் கொடுத்தார். அரசாங்கம் ஓடலாம் என்று சொன்ன வண்டியை, 640 ரூபாய்ப் பொருளைத் தேடி எடுக்கச் சோம்பல்பட்டு, தூக்கிப் போடச் சொல்ல இவர் யார்? வண்டி விற்பதுதான் அவர் வேலை என்றால் ஷோரூம் பக்கம் உட்காரட்டும், சர்வீஸ் கவுண்டரில் உட்கார வேண்டாம்.

மன்னிக்கவும். எழுதும்போதே கை நடுங்குகிறது. நிதானமாகவே தொடர்கிறேன்.

தங்கள் உதவி எண்ணில் ஒன்பது நாட்கள் மாறி மாறிப் பேசிய பிறகு, கைடு பின் செட் தனியாக உண்டு என்று ஒரு பெண் ஊழியர் ஒப்புக்கொண்டு ஆர்டர் போட்டார். அவர் ஒருவர்தான் இந்த ஐந்து மாதத்தில் என்னிடம் மரியாதையாகவும் விஷயம் தெரிந்தும் பேசியவர். அவருக்கு என் நன்றியைத் தெரிவிக்கவும். ஸ்பேர் வந்துவிட்டது, வண்டியைக் கொண்டு வாருங்கள் என்று அழைப்பு வந்ததும் செப்டம்பர் 9ஆம் தேதி விடியற்காலை ஐந்தரை மணிக்குக் கிளம்பினேன். மழை. அரவேணு தாண்டியதிலிருந்து பத்தடி தூரத்துக்கு மேல் தெரியாத மூடுபனி. ஒன்பது மணிக்கே ஜாப் கார்டு போட்டார்கள். பிறகு காத்திருப்பு அறையில் உட்கார வைத்தார்கள். அங்கே இருந்த தொலைக்காட்சியில் ஒரே விளம்பரம் எத்தனை முறை ஓடியது என்று என்னால் எண்ணிச் சொல்ல முடியும். மாலை மூன்று மணிக்கு மேல்தான் ஸ்பேர் டப்பாவைப் பிரித்தார்கள். உள்ளே இருந்த இரண்டு கைடு பின்களும் ஒரே மாதிரி, இரண்டும் மேல்பக்கத்துக்கு உரியவை. என் வண்டியில் கீழ்க் கைடு பின்னின் நுனியில் புஷ் என்ற சிறு ரப்பர் வளையம் உண்டு என்பதும், மேலும் கீழும் மாற்றிப் போடக் கூடாது என்பதும் தங்கள் சர்வீஸ் புத்தகத்திலேயே இருக்கிறது. அதே அட்வைசர், “ரெண்டும் பின்னுதானே சார், அட்ஜஸ்ட் பண்ணிப் போட்டுறலாம்” என்றார். பிரேக்கில் அட்ஜஸ்ட் பண்ணுவதாம்! வேண்டாம் என்று மறுத்துவிட்டு, ‘கடகட’ சத்தத்தோடேயே இருட்டில் மலை ஏறினேன். காலையில் டப்பாவைப் பிரித்துப் பார்க்க ஐந்து நிமிடம் போதும். அந்த ஐந்து நிமிடத்தைத் தராததால் என் ஒரு நாள் போயிற்று. அன்று தோட்டத்தில் பறிப்பு நாள். நான் இல்லாததால் ஆள் வரவில்லை, பிறகு தொடர்ந்து மழை, அடுத்த சுற்றுக்குள் கொழுந்து முற்றிக் கரட்டு இலையாகிவிட்டது. அந்த இலை நட்டத்துக்கும் தாங்களே பொறுப்பு என்று நான் கருதுகிறேன்.

செப்டம்பர் 22ஆம் தேதி ஒருவழியாகச் சரியான செட்டைப் போட்டுக் கொடுத்தார்கள். சத்தம் நின்றது. அத்துடன் முடிந்தது என்று நினைத்தேன்.

நவம்பர் 6ஆம் தேதி என் மனைவியைக் கண் பரிசோதனைக்காகக் கோவைக்கு அழைத்துச் சென்றுகொண்டிருந்தேன். கோத்தகிரி ஏறத்தாழ 6,000 அடி உயரத்தில் இருக்கிறது, மேட்டுப்பாளையம் சுமார் 1,000 அடியில். இடையே உள்ள 33 கிலோமீட்டரும் இறக்கம்தான். நாற்பது ஆண்டுகளாக இரண்டாம் கியரில் இறங்கிப் பழகியவன் நான், அன்றும் அப்படித்தான் இறங்கினேன். வண்டி வலப்பக்கமாக இழுக்கத் தொடங்கியது. குஞ்சப்பனைக்கு முன்னால் ரப்பர் கருகும் வாடை வந்தது. ஓரங்கட்டி இறங்கிப் பார்த்தால் வலது சக்கரத்திலிருந்து புகை. இடது சக்கரத்தின் அருகே கையைக் கொண்டுபோக முடிந்தது, வலது பக்கம் ஒரு சாண் தூரத்திலேயே அனல் அடித்தது. என் மனைவி தண்ணீர்ப் பாட்டிலை எடுத்து ஊற்றப் போனார், சூடான டிஸ்க் மேல் தண்ணீர் பட்டால் அது கோணிவிடும் என்று நான்தான் தடுத்தேன். சாலையோரக் கல்லின் மீது முக்கால் மணி நேரம் உட்கார்ந்திருந்தோம். பழைய பிரேக் ஆயிலாக இருந்திருந்தால் அந்தச் சூட்டில் அது கொதித்து ஆவியாகி, மிதித்த பெடல் நேரே தரைக்குப் போயிருக்கும். டாட் 3 வகை ஆயில் ஈரம் இழுத்துவிட்டால் 140 டிகிரியிலேயே கொதிக்கலாம் என்பது தங்களுக்குத் தெரியாததல்ல. மார்ச் மாதம் என் சொந்தச் செலவில் ஆயிலை மாற்றி வைத்திருந்தேன். நாங்கள் இருவரும் உயிரோடு இருப்பதற்கு அதுவே காரணம், தங்கள் நிறுவனம் அல்ல.

ஊர்ந்து ஊர்ந்து மேட்டுப்பாளையம் சேர்ந்து, சாலையோரத்தில் இருந்த ஒரு சிறிய ஒர்க்‌ஷாப்பில் வண்டியை நிறுத்தினேன். அந்த மெக்கானிக் சக்கரத்தைக் கழற்றி, காலிபரைத் தூக்கி, மேல்பக்கக் கைடு பின்னை விரலாலேயே உருவினார். கீழ்ப்பக்கத்தது வரவில்லை. பிளையரால் பிடித்து முறுக்கி முறுக்கி வெளியே எடுத்து என் உள்ளங்கையில் வைத்தார். ஆறு வாரம் முன்பு போட்ட புதுப் பொருள் அது. நுனியில் இருந்த ரப்பர் புஷ் ஊறிப்போன சுண்டல்போல உப்பி, துளைக்குள் ஆப்பு அடித்ததுபோல் இறுகியிருந்திருக்கிறது. பூட்டும் அப்படியே உப்பித் தொளதொளத்து, தன் பள்ளத்தில் உட்காராமல் வெளியே பிதுங்கியிருந்தது. ஒட்டியிருந்த கிரீஸை அவர் கட்டைவிரலில் தேய்த்து முகர்ந்துவிட்டு, “இது வீல் பேரிங்குக்கு வைக்கிற கிரீஸுங்க சார். இதுக்கு சிலிகான் கிரீஸுதானுங்க வைக்கோணும், இதை வெச்சா ரப்பர் ஊதிக்கும்” என்றார். பெட்ரோலிய கிரீஸ் பிரேக் ரப்பரை உப்ப வைக்கும் என்று மேட்டுப்பாளையத்து மரத்தடியில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருப்பவருக்குத் தெரிகிறது. குளிர்சாதன அறையும் பயிற்சிச் சான்றிதழும் வைத்திருக்கும் தங்கள் ஆட்களுக்குத் தெரியவில்லை.

பேட்களையும் அளந்து காட்டினார். ஜூனில் போட்டவை, 4,300 கிலோமீட்டர் ஓடியவை. வெளிப் பேட் 8 மில்லிமீட்டர். உள் பேட் 2. அவரே ஆளனுப்பிக் கைடு பின், புஷ், பூட் வாங்கி வரச் செய்து, துளையைத் துடைத்து, சரியான கிரீஸ் வைத்து மாட்டினார். புது பேட் உட்பட மொத்தம் 3,100 ரூபாய். வேலை முடிய மாலையாகிவிட்டது. மருத்துவமனையில் கொடுத்திருந்த நேரம் தவறியது, மறு தேதி மூன்று வாரம் கழித்துத்தான் கிடைத்தது.

இதைத் தங்கள் உதவி எண்ணில் சொன்னபோது, மறுமுனையில் இருந்தவர், “ஹில்ஸ்ல ஓட்டுறீங்க, பிரேக் மேலயே காலை வெச்சு இறங்கியிருப்பீங்க, அதான் சார்” என்று சொல்லிச் சிரித்தார். பிரேக் மேல் காலை வைத்தே இறங்கியிருந்தால் இரண்டு சக்கரமும் சேர்ந்துதானே சூடாக வேண்டும்? ஒரு சக்கரம் மட்டும் எப்படிப் புகையும்? இதற்கு அவரிடம் பதில் இல்லை. அழைப்பைத் துண்டித்தார். வெளியில் வேலை பார்த்ததால் உத்தரவாதம் பொருந்தாது என்று மறுநாள் குறுஞ்செய்தி வந்தது. குஞ்சப்பனையில் புகைந்துகொண்டு நின்ற வண்டியை நான் கோவைக்குத் தோளில் சுமந்து வந்திருக்க வேண்டும் போலும்.

ஆகவே, தங்களைப் பணிவோடு கேட்டுக்கொள்வது: வீணாய்ப்போன பேட்களுக்கான 2,850 ரூபாய், செப்டம்பரில் ஸ்பேருக்கும் கூலிக்கும் வாங்கிய 1,490 ரூபாய், மேட்டுப்பாளையத்தில் நான் செலவழித்த 3,100 ரூபாய், கோவைக்குப் போய் வந்த நான்கு பயணங்களின், அதாவது சுமார் 560 கிலோமீட்டரின் பெட்ரோல் செலவு, இவற்றைத் திருப்பித் தர வேண்டும். மன உளைச்சலுக்கும் இலை நட்டத்துக்கும் உயிருக்கு நேரவிருந்த ஆபத்துக்குமாக 1,50,000 ரூபாய் இழப்பீடு வழங்க வேண்டும். தொகை அதிகம் என்று தோன்றினால், ஒரு நாள் மாலை அந்தக் கல்லின் மீது வந்து உட்கார்ந்து பார்க்கவும். அந்த சர்வீஸ் அட்வைசர் எழுத்து மூலம் வருத்தம் தெரிவிக்க வேண்டும். இவை எல்லாவற்றையும்விட முக்கியமாக, அதே கைகள் அதே டப்பாவிலிருந்து கிரீஸ் எடுத்து வேலை பார்த்த மற்ற வண்டிகளைத் திருப்பி அழைத்துப் பார்க்கவும். அவற்றில் மலைக்கு ஏறும் வண்டிகள் எத்தனை என்று தங்களுக்குத்தான் தெரியும்.

இக்கடிதம் கிடைத்த 15 நாட்களுக்குள் பதில் வராவிட்டால், தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-இல் பதிவு செய்துவிட்டு, நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019-இன் 35ஆம் பிரிவின் கீழ் நீலகிரி மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் வழக்குத் தொடர்வேன். இப்போதைய சட்டப்படி நான் வசிக்கும் மாவட்டத்திலேயே வழக்குப் போடலாம். எனவே இனி மலையேற வேண்டியது தங்கள் வழக்கறிஞர், நான் இறங்கி வர மாட்டேன். இதை மிரட்டலாக எடுத்துக்கொள்ள வேண்டாம். பதினாறு ஆண்டுகள் தங்கள் வண்டியை நம்பியவன் என்ற முறையில், அந்த நிலைக்குப் போகாமல் முடிந்தால் எனக்கும் மகிழ்ச்சியே.

பில்கள், ஜாப் கார்டுகள், மதிப்பீட்டுத் தாள், பேட்களின் புகைப்படங்கள் ஆகியவற்றின் நகல்களை இணைத்துள்ளேன். உப்பிய புஷ்ஷும் பூட்டும் ஒரு ஹார்லிக்ஸ் பாட்டிலில் என்னிடமே இருக்கின்றன. அவற்றை அனுப்ப மாட்டேன், தங்கள் பொறியாளர் நேரில் வந்தால் காட்டுகிறேன். தொலைபேசியில் அழைப்பதானால் காலை பதினொரு மணிக்கு மேல் அழைக்கவும், அதற்கு முன் தோட்டத்தில் இருப்பேன், அங்கே சிக்னல் கிடைக்காது.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
(கையொப்பம்)