பஃபர்களுக்கு இடையே நிற்பவருக்காக ஒரு திறந்த மடல்

ரயில்வே யார்டுகளின் நவீனமயமாக்கலைத் திட்டமிடும் அதிகாரிகளுக்கு,

வணக்கம். ரயில்களைத் தடம் மாற்றி, பெட்டிகளை எஞ்சினோடு இணைக்கும் பாயிண்ட்ஸ்மேனாக இருந்து ஓய்வுபெற்ற ஒருவரின் மகளாகத் திருநெல்வேலியிலிருந்து இதை எழுதுகிறேன்.

எங்கள் பகுதியின் பாதைகள் மின்மயமாகிவிட்டன. வாஞ்சி மணியாச்சி–நாகர்கோவில் இரட்டைப் பாதைத் திட்டம் 2024-இல் நாட்டுக்கு அர்ப்பணிக்கப்பட்டது. தடம் மாற்றக் கேபினில் லீவரைப் பிடித்து உடம்பெல்லாம் நோக இழுத்த வேலையை இன்று பேனலில் ஒரு பொத்தான் செய்துவிடுகிறது. இந்த மாற்றங்களை மனமார வரவேற்கிறேன். ஆனால், எஞ்சினைப் பெட்டியோடு இணைக்கும் இடத்தில் என் அப்பாவின் காலத்து ஆபத்து இன்னும் முழுவதுமாக நீங்கவில்லை.

பழைய வகைப் பெட்டிகளில், ஒருவர் மோதலைத் தாங்கும் பஃபர்களுக்கு இடையே குனிந்து நுழைந்து, கனத்த கப்ளிங் என்ற இணைப்பைத் தூக்கிக் கொக்கியில் மாட்டி, திருகை முறுக்கி, பிறகு பிரேக் குழாய்களையும் இணைக்க வேண்டும். அவர் வெளியே வந்துவிட்டார் என்று உறுதியாகத் தெரியும் முன் எஞ்சின் ஒரு அடி நகர்ந்தாலும் போதும். அப்படியொரு இரவில்தான் என் அப்பா இரண்டு விரல்களை இழந்தார்; சோற்றைப் பிசையும்போதெல்லாம் அந்தக் கையைத்தான் நான் பார்ப்பேன். 2024 நவம்பரில் பீகாரின் பரௌனி சந்திப்பில் எஞ்சினுக்கும் பெட்டிக்கும் நடுவே நசுங்கி ஒரு தொழிலாளி உயிரிழந்த செய்தியைப் படித்த அன்று அவர் சாப்பிடவே இல்லை.

பெரம்பூரில் உள்ள ரயில் பெட்டித் தொழிற்சாலையான ஐ.சி.எஃப். அந்தப் பழைய வகைப் பெட்டிகளின் தயாரிப்பை 2018-இலேயே நிறுத்திவிட்டது. புதிய எல்.எச்.பி. பெட்டிகளில் கப்ளிங் மோதியவுடன் தானே பூட்டிக்கொள்ளும் என்பது பெரிய ஆறுதல்தான். என்றாலும், குழாய்களை இணைக்க அங்கேயும் மனிதர்தான் நுழைகிறார்.

ஆகவே, பழைய பெட்டிகளை விரைந்து விலக்குங்கள். அதுவரை, யார்டில் பெட்டிகளை நகர்த்திச் சேர்க்கும் ஷண்டிங் குழுவில் ஆள் குறைக்க வேண்டாம். ஒருவர் கப்ளிங்கில் இருக்கும்போது, எஞ்சினை ஓட்டும் லோகோ பைலட்டுக்குச் சைகை காட்ட இன்னொருவர் கட்டாயம் நிற்க வேண்டும். ஒவ்வொருவருக்கும் பழுதில்லாத வாக்கி டாக்கி வேண்டும். ஐப்பசி, கார்த்திகை மழை இரவுகளில் ஜல்லியில் கால் இடறாமல் நடக்கச் சமன் செய்த நடைபாதையும், தண்டவாளங்களுக்கு இடையே நிழல் விழாத விளக்கும் வேண்டும். பெரிய செலவு பிடிக்காத இவைதான் பெரும்பாலும் கடைசிக்குத் தள்ளப்படுகின்றன என்பது என் வருத்தம்.

அடுத்த யார்டு வரைபடத்தில் கையெழுத்திடுவதற்கு முன், அந்த யார்டில் இரவுப் பணி பார்க்கும் பாயிண்ட்ஸ்மேன் ஒருவரை அழைத்து, உட்கார வைத்து, அதைக் காட்டி, அவர் சொல்வதை எழுதிக்கொள்ளும்படிக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு பாயிண்ட்ஸ்மேனின் மகள்,
திருநெல்வேலி.