கிரியோனை மறந்த ஆன்டிகனிகள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கிரேக்கத் துன்பியல் நாடகங்களின் மறுஆக்கங்களைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையை ஆர்வத்தோடு படித்தேன். சோஃபோகிளீஸின் 'ஆன்டிகனி'க்கு அதில் தாராளமாக இடம் கொடுத்திருந்தீர்கள்; மகிழ்ச்சி. ஆனால் கொடுங்கோலனை எதிர்த்து நின்ற ஒரு பெண்ணின் கதை என்ற ஒற்றை வரிக்குள் அந்த நாடகம் அடங்கிப்போய்விட்டது. அந்த வரியில் பாதி நாடகம்தான் இருக்கிறது. மறுபாதி கிரியோனுடையது. அதை ஒதுக்கிவிட்டு மறுஆக்கங்களை எடைபோட முடியாது என்று நினைப்பதால் இதை எழுதுகிறேன்.

நாடகத்தைப் படிக்காத வாசகர்களுக்காகக் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். தீப்ஸ் நகரத்தின் ஆட்சிக்காக ஈடிபஸின் இரு மகன்கள் மோதிக்கொண்டு ஒருவர் கையால் ஒருவர் சாகிறார்கள். ஆட்சிக்கு வரும் தாய்மாமன் கிரியோன், நகரத்தைக் காத்த எட்டியோகிளீஸுக்கு முழு மரியாதையோடு அடக்கம் செய்கிறான். அந்நியப் படையோடு வந்த பாலிநைசீஸின் உடலை நாய்க்கும் கழுகுக்கும் விட்டுவிட வேண்டும் என்றும், மீறி அடக்கம் செய்பவருக்கு மரணம் என்றும் ஆணையிடுகிறான். தங்கை ஆன்டிகனி மீறுகிறாள். அவளை உயிரோடு ஒரு குகைக்குள் அடைக்கிறார்கள்.

இதுவரை எல்லோருக்கும் தெரியும். ஆனால் சுமார் 1350 அடிகள் கொண்ட நாடகத்தில் ஆன்டிகனி 943ஆம் அடியோடு மேடையை விட்டுப் போய்விடுகிறாள், பிறகு திரும்புவதே இல்லை. மீதமுள்ள நானூறு அடிகளும் கிரியோனுக்கு என்ன நேர்கிறது என்பதைப் பற்றியவை. நாடகத்தில் அதிகம் பேசும் பாத்திரமும் அவன்தான்.

அந்த நானூறு அடிகளில்தான் இந்த நாடகத்தின் மிகக் கொடுமையான இடம் இருக்கிறது. பார்வையற்ற தீர்க்கதரிசி டைரீசியஸ் வந்து எச்சரிக்கிறார். மண்ணுக்கு மேலே இருக்க வேண்டியவளைக் கீழே அடைத்திருக்கிறாய், கீழே போக வேண்டியவனை மேலே கிடத்தியிருக்கிறாய், இதற்கு உன் பிள்ளையையே விலையாகக் கொடுப்பாய் என்கிறார். கிரியோன் அவரைத் திட்டி அனுப்பிவிடுகிறான். ஆனாலும் உள்ளுக்குள் ஆடிப்போய், நகரத்துப் பெரியவர்களான கோரஸிடம் யோசனை கேட்கிறான். அவர்கள் சொல்வதில் ஒரு வரிசை இருக்கிறது: முதலில் போய் அந்தப் பெண்ணைக் குகையிலிருந்து விடுவி, பிறகு இறந்தவனுக்குக் கல்லறை எழுப்பு. கிரியோன் சரி என்கிறான். தன் ஆணையைத் தானே திரும்பப் பெறுகிறான். கொடுங்கோலன் என்ற ஒரே சொல்லால் அவனை முடித்துவிட்டால் இந்த இடத்தை எங்கே வைப்பது?

ஆனால் போகிறவன் வரிசையை மாற்றிவிடுகிறான். முதலில் பாலிநைசீஸின் உடலிடம் போய், நாய்கள் குதறியதில் மிஞ்சியதைக் கழுவி, எரித்து, மண்மேடு எழுப்புகிறான். அதன் பிறகே குகைக்குப் போகிறான். அதற்குள் ஆன்டிகனி தூக்கிட்டுக்கொண்டுவிட்டாள். அவளுக்கு நிச்சயிக்கப்பட்டிருந்த கிரியோனின் மகன் ஹீமோன் அவள் உடலைக் கட்டிக்கொண்டு அழுதுகொண்டிருக்கிறான். தந்தையைக் கண்டதும் வாளை ஓங்குகிறான், தவறுகிறது, அதே வாளைத் தன் மேல் பாய்ச்சிக்கொள்கிறான். செய்தி கேட்டு அரண்மனையில் கிரியோனின் மனைவி யூரிடிசியும் உயிரை விடுகிறாள். உயிரோடு இருப்பவளை முதலில் பார்த்திருந்தால்? சோஃபோகிளீஸ் இதைப் பற்றி ஒரு வரி விளக்கமும் தருவதில்லை. தூதுவன் நடந்ததை நடந்தபடி சொல்லிவிட்டுப் போகிறான். தவறை உணர்ந்த பிறகும், திருத்த இறங்கிய பிறகும், பிணத்துக்கான சடங்கையே முதல் வேலையாக எடுத்துக்கொள்ளும் ஒரு ஆட்சியாளன்! இந்த இடத்தைத் தாண்டிச் செல்லும் கட்டுரைகளைப் படிக்கும்போது எனக்கு உண்மையாகவே வருத்தமாக இருக்கிறது.

ஏதென்ஸ் மக்களும் கிரியோனை முதல் காட்சியிலேயே வில்லனாகப் பார்த்திருக்க முடியாது. துரோகிகளின் உடலை ஏதென்ஸைச் சுற்றிய அட்டிகா மண்ணில் புதைக்கக் கூடாது என்ற சட்டம் அவர்களிடமே இருந்தது. எல்லைக்கு வெளியே கொண்டுபோய்ப் புதைக்கலாம். கிரியோன் அதற்கும் வழியில்லாமல் அடைத்ததுதான் மீறல். நாடகம் அரங்கேறி ஏறத்தாழ ஒரு நூற்றாண்டு கழித்து, கி.மு. 343இல், ஏதென்ஸின் பேச்சாளர் டெமாஸ்தனீஸ் தன் அரசியல் எதிரி ஈஸ்கினீஸ் மீது வழக்காடும்போது இந்த நாடகத்திலிருந்து ஒரு நீண்ட பகுதியை நீதிமன்றத்தில் சொல்ல வைக்கிறார். யாருடைய பேச்சு? சொந்த நாட்டைவிட நண்பனைப் பெரிதாக நினைப்பவன் எதற்கும் உதவாதவன் என்று கிரியோன் பேசும் முதல் உரை. நாட்டுப்பற்றுக்கு இலக்கணமாக அதைக் காட்டுகிறார். ஈஸ்கினீஸ் முன்பு நடிகராக இருந்து அதே கிரியோன் வேடத்தைக் கட்டியவர் என்பதால், நடித்த வசனத்தையே மறந்துவிட்டாயே என்ற குத்தலும் அதில் இருந்தது. அந்த நாட்டு மக்களின் காதில் அந்த உரை அப்படி விழக்கூடியதாக இருந்திருக்கிறது. நல்ல கொள்கையோடு தொடங்குகிறவன் எந்தப் படியில் வழுக்குகிறான் என்று பார்க்கத்தான் சோஃபோகிளீஸ் நம்மை உட்கார வைக்கிறார்.

இந்த அளவுகோலோடு இருபதாம் நூற்றாண்டு ஆக்கங்களுக்கு வருகிறேன். பிரெஞ்சு நாடகாசிரியர் ழான் அனூயின் 'ஆன்டிகனி' 1944 பிப்ரவரியில், ஜெர்மானியர் பிடியில் இருந்த பாரிஸில் மேடையேறியது. தணிக்கையும் அதை அனுமதித்தது. உங்கள் கட்டுரையாளர் இதை எதிர்ப்பின் குரல் என்று மட்டும் சொல்லி முடிக்கிறார். ஆனால் நாடகம் யார் பக்கம் என்ற சர்ச்சை அன்றே எழுந்தது. அனூயின் கிரியோன் களைத்துப்போன நிர்வாகி. யாராவது ஒருவர் இந்த வேலையைச் செய்துதானே ஆக வேண்டும் என்பவன். இரண்டு அண்ணன்களுமே அயோக்கியர்கள், சிதைந்து கிடந்த உடல்களில் எது யாருடையது என்றே தெரியவில்லை, கிடைத்த ஒன்றை எடுத்து மரியாதை செய்தேன் என்று அவன் ஆன்டிகனியிடம் சொல்லும்போது அவள் காலடியில் இருந்த நிலம் சரிகிறது. இந்த நாடகத்தில் டைரீசியஸ் கிடையாது. மகனும் மனைவியும் செத்த பிறகு கிரியோன், ஐந்து மணிக்கு என்ன வேலை என்று பணியாள் சிறுவனிடம் கேட்கிறான். ஆலோசனைக் கூட்டம் என்று பதில் வருகிறது. எழுந்து போகிறான். மூலத்தின் கிரியோன் மகனின் உடலைச் சுமந்துகொண்டு கதறியபடி வருகிறான். இவன் கூட்டத்துக்குப் போகிறான். நாற்பதுகளின் ஐரோப்பாவைப் பற்றி ஆன்டிகனியின் வசனங்கள் எல்லாம் சேர்ந்து சொல்வதைவிட இந்த ஒரு பதில் அதிகம் சொல்கிறது என்பது என் எண்ணம்.

ஜெர்மானிய நாடகாசிரியர் பிரெக்ட் 1948இல் ஸ்விட்சர்லாந்தின் கூர் நகரில் மேடையேற்றிய வடிவம் வேறு வகை. அதன் கிரியோன், ஆர்கோஸ் நகரத்தின் கனிமத்துக்காகப் படையெடுத்தவன், ஹிட்லரின் சாயல் கொண்டவன். கடைசி வரை மனம் மாறாமல், தான் அழியும்போது தீப்ஸும் சேர்ந்து அழியட்டும் என்பவன். போர் முடிந்து மூன்றாண்டுகூட ஆகாத நேரத்தில் அப்படி எழுதத் தோன்றியதன் நியாயம் புரிகிறது. ஆனாலும் கிரியோனிடமிருந்து மனமாற்றத்தைப் பறித்துவிட்டால் நாடகம் இளைத்துத்தான் போகிறது. அதே படைப்பின் முன்னுரைக் காட்சி, 1945 ஏப்ரலில் பெர்லினில், படையை விட்டு ஓடிவந்த தம்பி வாசலில் தூக்கில் தொங்குவதைக் காணும் இரு சகோதரிகளைப் பற்றியது. அறுத்து இறக்கக் கத்தியோடு நிற்கும் ஒருத்தி, தயங்கும் இன்னொருத்தி, எதிரே ஹிட்லரின் எஸ்.எஸ். படைக்காரன். அந்தச் சில நிமிடங்கள் முழு நாடகத்தையும்விட என்னை உலுக்கின.

கட்டுரையில் தென்னாப்பிரிக்காவின் ராபன் தீவுச் சிறையைக் குறிப்பிட்டது பற்றி நன்றி சொல்ல வேண்டும். அதோல் ஃபுகார்ட், ஜான் கானி, வின்ஸ்டன் என்ட்ஷோனா மூவரும் சேர்ந்து 1973இல் உருவாக்கிய 'தி ஐலண்ட்' நாடகத்தில், ஒரே அறையில் அடைபட்ட இருவர் சக கைதிகள் முன் ஆன்டிகனி விசாரணைக் காட்சியை நடிக்கிறார்கள். ஆனால் விடுபட்ட செய்தி ஒன்று உண்டு. அதே சிறையில் கைதிகள் உண்மையிலேயே இந்த நாடகத்தை நடித்தபோது நெல்சன் மண்டேலா ஏற்ற வேடம் கிரியோன். தன் வரலாற்றில் இதை எழுதும்போது, கிரியோன் தொடக்கத்தில் நேர்மையும் நாட்டுப்பற்றும் உள்ளவன் என்று ஒத்துக்கொள்கிறார். வளைந்துகொடுக்காத பிடிவாதம் தலைவனுக்கு ஆகாது, நீதியோடு இரக்கமும் கலந்திருக்க வேண்டும் என்கிறார். ஆயுள் தண்டனையில் இருக்கும் மனிதர், அதிகாரம் கையில் வந்தால் எப்படிக் கெடும் என்பதை உள்ளே புகுந்து பார்த்திருக்கிறார். ஆன்டிகனியின் துணிச்சலைக் கற்றுக்கொள்ள அந்தத் தீவில் இருந்தவர்களுக்கு நாடகம் தேவைப்பட்டிருக்காது.

கமிலா ஷம்சியின் 'ஹோம் ஃபயர்' (2017) பற்றி ஒரு வரியோடு நிறுத்திவிட்டீர்கள். ஆன்டிகனி கதையை இக்காலத்துக்குக் கொண்டுவந்து, 2018இல் பெண்களுக்கான புனைகதைப் பரிசு பெற்ற நாவல் அது. ஐ.எஸ். அமைப்பில் சேர்ந்து, பிறகு தப்பிக்க முயன்று கொல்லப்படும் பர்வேஸின் உடலை பிரிட்டனுக்குள் கொண்டுவரக் கூடாது என்று தடுக்கும் உள்துறை அமைச்சர் கராமத் லோன் தானும் முஸ்லிம் குடும்பத்தில் பிறந்தவர். தன் விசுவாசத்தை மற்றவர்களைவிடக் கூடுதலாக நிரூபித்துக்கொண்டே இருக்க வேண்டிய இடத்தில் நிற்பவர். நாவலின் கடைசிப் பகுதியை ஷம்சி அவர் பார்வையில் எழுதியிருக்கிறார். நான் படித்த புதிய ஆக்கங்களில் மூலத்தின் அந்த நானூறு அடிகளுக்கு உரிய இடத்தைத் தந்தது இதுதான்.

இந்தத் தொடரின் அடுத்த பகுதி யூரிப்பிடீஸின் 'மீடியா' நாடகத்தைப் பற்றியது என்று அறிவித்திருக்கிறீர்கள். அதற்கு முன் ஒரு இதழிலாவது கிரியோனுக்கு இடம் ஒதுக்க முடியுமா என்று கேட்டுக்கொள்கிறேன். டைரீசியஸ் வந்து போகும் காட்சியிலிருந்து இறுதி வரையுள்ள பகுதியை ஒரு நல்ல தமிழாக்கத்தோடு வெளியிட்டால், வாசகர்கள் தாங்களே படித்து ஒரு முடிவுக்கு வரட்டும்.

தங்கள் வாசகி,
திருச்சிராப்பள்ளி