சீனியர் எப்போது ஆவேன் என்று கேட்ட தம்பிக்கு

அன்புள்ள தம்பி,

சாஃப்ட்வேர் வேலையில் எப்போது சீனியர் ஆவேன் என்று கேட்டு, அப்ரைசல் (வேலை மதிப்பீடு) முடிந்த கையோடு நீ அனுப்பிய நீண்ட வாட்ஸ்அப் செய்தியைப் படித்தேன். இதே கேள்வியை வேறு சிலரும் கேட்டிருப்பதால் பதிலைப் பொதுவிலேயே எழுதுகிறேன். உன் பெயரும் வராது, உன் கம்பெனி பெயரும் வராது, பயப்படாதே.

கூடப் படித்தவன் கம்பெனி மாறினான். சீனியர் என்ற பட்டமும் கிடைத்தது, சம்பளமும் ஏறியது. நீ அதே இடத்தில் இருக்கிறாய். கோபம் நியாயம்தான். ஆனால் அந்தப் பட்டத்தை அளவுகோலாக எடுத்துக்கொள்ளாதே. மற்ற கம்பெனிகளுக்கு வேலை செய்துகொடுக்கும் சர்வீஸ் கம்பெனிகளில் அது பெரும்பாலும் வருடக் கணக்கைப் பார்த்து வரும். சின்ன ஸ்டார்ட்அப்பில் ஆள் கிடைக்காத அவசரத்தில் வரும். சொந்தமாக மென்பொருள் செய்து விற்கும் பெரிய ப்ராடக்ட் கம்பெனிக்குப் போனால் அதே ஆளை ஒரு படி இறக்கித்தான் எடுப்பார்கள். சம்பளத்துக்காக மாறுவதில் தப்பே இல்லை. வீட்டுக்கடன் கட்டுகிறவனிடம் போய் நான் தத்துவம் பேச மாட்டேன்.

நீ போட்டிருந்த பட்டியலுக்கு வருகிறேன். ஸ்பிரிங் பூட், குபர்நெட்டீஸ் போன்ற கருவிகள், கிளவுட் சான்றிதழ், ஒவ்வொரு ஸ்பிரிண்டிலும் (சில வார வேலைச் சுற்று) தவறாமல் முடித்த டிக்கெட்டுகள் (பிரித்துக் கொடுத்த வேலைகள்). எல்லாம் உழைப்புதான். ஆனால் அத்தனையும் வேறு யாரோ யோசித்து, துண்டு போட்டு, வேலைகளைப் பதிந்துவைக்கும் ஜிராவில் உன் பெயரை எழுதிக் கொடுத்த வேலைகள். யார் பெயரிலும் இல்லாத ஒன்றை நீயே பார்த்துக் கையில் எடுத்ததாக ஒரு வரிகூட இல்லை.

புரோகிராம்களைச் சேமித்துவைக்கும் கிட்லேப் தளத்தின் கதை தெரியுமா? 2017 ஜனவரி 31 இரவு. டேட்டாபேஸில் சுமை ஏறி, இரண்டாம் சர்வருக்குப் போகவேண்டிய ரெப்ளிகேஷன் (டேட்டாவை உடனுக்குடன் நகலெடுப்பது) நின்றுபோயிருந்தது. வெகுநேரமாக அதோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்த ஒரு இன்ஜினியர், இரண்டாம் சர்வரின் டேட்டா டைரக்டரியைத் துடைத்துவிட்டு முதலிலிருந்து தொடங்கலாம் என்று அழிக்கும் கட்டளையைக் கொடுத்தார். கட்டளை ஓடியதோ முதன்மை சர்வரில். ஓரிரு நொடியில் சுதாரித்து நிறுத்தினார். அதற்குள் சுமார் 300 ஜிபியில் 4.5 ஜிபிதான் மிச்சம்.

பெரும்பாலானவர்கள் கதையை இங்கேயே நிறுத்திவிடுவார்கள். "எந்த சர்வரின் டெர்மினலில் (கட்டளைத் திரையில்) இருக்கிறோம் என்று பார்க்கவேண்டாமா?" என்பார்கள். நீ இதற்கு அடுத்த பகுதியைப் படி. பேக்கப்பைத் தேடிப் போனால், அதைச் சேமிக்கும் இடமான அமேசான் எஸ்3 பக்கெட் காலி. போஸ்ட்கிரெஸ் என்ற டேட்டாபேஸ் மென்பொருளின் 9.6 பதிப்பில் ஓடிக்கொண்டிருந்ததை, 9.2 பதிப்பின் டம்ப் கருவி (முழு நகலெடுக்கும் கருவி) எடுக்க முயன்று ஒவ்வொரு முறையும் தோற்றிருக்கிறது. தோற்றால் மெயில் வரவேண்டும், இல்லையா? மெயில் போனது, ஆனால் டிமார்க் என்ற மெயில் சரிபார்ப்பு முறை அதற்குப் போடப்படவில்லை என்று வாங்கவேண்டிய மெயில் சர்வர் திருப்பித் தள்ளிவிட்டது. டிஸ்க் ஸ்னாப்ஷாட் (டிஸ்க்கை அந்த நொடியில் இருந்தபடியே பதிந்துவைப்பது) வசதி டேட்டாபேஸ் சர்வர்களுக்குப் போடப்படவே இல்லை. கடைசியில் காப்பாற்றியது, வேறொரு சோதனைக்காக ஸ்டேஜிங் என்ற சோதனைத் தளத்துக்கென்று சுமார் 6 மணி நேரம் முன்பு ஒருவர் கையால் எடுத்துவைத்த ஸ்னாப்ஷாட். அதை மெதுவான டிஸ்க்கிலிருந்து நகலெடுக்கவே வெகுநேரம் பிடித்து, சைட் மறுநாள்தான் திரும்பி வந்தது. இடைப்பட்ட 6 மணி நேர டேட்டா போனது போனதுதான்.

மீட்பு வேலையை யூட்யூபில் நேரலையாகவே காட்டினார்கள். நடந்ததைப் பிறகு விரிவாக எழுதி வெளியிட்டார்கள். யார் தலையையும் உருட்டவில்லை. அந்த அறிக்கையில் ஏன், ஏன் என்று கேட்டுக்கொண்டே போகிறார்கள். பேக்கப்பை ஏன் யாரும் முறையாகச் சோதிக்கவில்லை என்ற இடத்துக்கு வந்ததும் கிடைக்கும் பதில்: அதற்குப் பொறுப்பாளர் என்று யாருமே இல்லை. டம்ப் எடுக்கும் ஸ்கிரிப்டை யாரோ ஒருவர் எழுதி, டிக்கெட்டை மூடி, 'முடிந்தது' பத்திக்கு நகர்த்தியிருப்பார். அந்தக் கோப்பிலிருந்து டேட்டாபேஸைத் திரும்ப எழுப்ப முடிகிறதா என்று பார்ப்பது யார் டிக்கெட்டிலும் இல்லை.

என் கணக்கில் சீனியர் என்பவர் அந்த இடைவெளியைப் பார்ப்பவர். உன் ப்ராஜெக்டிலும் இப்படி ஏதாவது இருக்கும். கடைசியாக எப்போது ஒரு பேக்கப்பை ரீஸ்டோர் செய்து பார்த்தார்கள் என்று நாளைக்குக் கேள். அலர்ட் மெயில் யாருக்குப் போகிறது, அந்த ஆள் இன்னும் கம்பெனியில் இருக்கிறாரா என்று பார். வெப்சைட்டின் பாதுகாப்பு சர்டிஃபிகேட் காலாவதித் தேதி யாருக்குத் தெரியும்? பதில் இல்லாத ஒன்றை எடுத்து, ஒரு பக்கத்துக்கு எழுதி, டீம் லீடிடம் கொண்டுபோ. "உன் வேலையைப் பார்" என்று அவர் சொல்லவும் வாய்ப்பு உண்டு. அதற்காக விட்டுவிடாதே, அடுத்ததை எடு.

ப்ரொடக்‌ஷன் சப்போர்ட் (வாடிக்கையாளர்கள் பயன்படுத்தும் நிஜ சிஸ்டத்தைக் கவனிப்பது) என்றால் எல்லோரும் நழுவுவார்கள், நீ நழுவாதே. நடுராத்திரி எழுப்புவார்கள்தான், தூக்கம் கெடும்தான். ஆனால் எழுதிய கோட் எங்கே உடைகிறது என்பதை வேறெங்கும் கற்றுக்கொள்ள முடியாது. சகாக்களின் புரோகிராமைச் சரிபார்க்கும் கோட் ரிவ்யூவில் ஸ்பேஸ், கமா பிடிப்பதோடு நிற்காமல், "வேறொரு சர்வீஸை அழைக்கும் இந்த வரி தோற்றால் என்ன ஆகும்?" என்று ஒரு கேள்வி கேள்.

கிளையன்ட்டுடன் போனில் நடக்கும் மீட்டிங்கில் நீ வாயே திறப்பதில்லை என்று எழுதியிருந்தாய். இங்கிலீஷ்தான் தடை என்கிறாய். எனக்கு அப்படித் தோன்றவில்லை. "இது 2 நாளில் முடியாது, காரணம் இது" என்று சொல்லும் தைரியம் நம்மில் பலருக்குத் தமிழிலேயே வருவதில்லை. தினசரி ஸ்டாண்ட்அப் மீட்டிங்கில் உன் லீடிடம் சொல்லிப் பழகு, கிளையன்ட் அப்புறம்.

ஏஐ எல்லாவற்றையும் எழுதிவிடுமே என்ற உன் பயத்துக்குச் சுருக்கமாக: தெளிவாகத் துண்டு போட்ட டிக்கெட்டைத்தான் அது வேகமாக முடிக்கிறது. நீ அதிலேயே நின்றுவிட்டால் பயப்படத்தான் வேண்டும்.

மானேஜர் ஆகவேண்டுமா என்பதை இப்போது யோசிக்காதே. ஸ்டாஃப் இன்ஜினியர், பிரின்சிபல் இன்ஜினியர் என்று கோட் பக்கமே மேலே போகும் படிகளும் பல கம்பெனிகளில் உண்டு.

இனி, கம்பெனி மாறலாமா? உன்னை ப்ரொடக்‌ஷனைத் தொட விடுகிறார்களா, டிசைன் பேசும் மீட்டிங்கில் உட்கார விடுகிறார்களா? இரண்டும் இல்லை, கேட்டும் கிடைக்கவில்லை என்றால் தயங்காமல் மாறு. புதிய இடத்து இன்டர்வியூவில் கடைசியில் "ஏதாவது கேட்கவேண்டுமா?" என்பார்களே, அப்போது ஆன்கால் (பிரச்சனை வந்தால் எந்நேரமும் அழைப்பை எடுக்கும் பொறுப்பு) யார் பார்க்கிறார்கள், கடைசியாக வந்த பெரிய பிரச்சனைக்குப் பிறகு எதை மாற்றினார்கள் என்று கேள். பதில் சொல்லத் தடுமாறினால் சம்பளத்தை இன்னொரு முறை யோசி.

நோட்டீஸ் 90 நாள் என்றாய். அந்த நாட்களை ஓட்டாதே. நீ போனபிறகு யாரும் உனக்கு போன் போடத் தேவையில்லாத மாதிரி வேலை விவரங்களை அடுத்தவருக்குக் கைமாற்றும் ஒரு கே.டி. டாக்குமென்ட் எழுது. எழுதி முடித்ததும் எனக்கும் அனுப்பு, ரகசியங்களை எடுத்துவிட்டுத்தான்.

அன்புடன்,
அக்கா