திரைப்படக் கழகத்தின் 2024–25 ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, செயற்குழு நண்பர்களே, உறுப்பினர்களே, அனைவருக்கும் வணக்கம்.

சென்ற பொதுக்குழுவின் தீர்மானப்படி இந்த ஆண்டை இத்தாலிய இயக்குநர் ஃபெதெரிகோ ஃபெல்லினிக்கு ஒதுக்கினோம். புகழுக்கு ஏங்குகிறவர்களையும் அதை விற்றுப் பிழைக்கிறவர்களையும் விடாமல் கவனித்தவர் அவர். ரிமினி என்ற கடலோர ஊரிலிருந்து ரோமுக்கு வந்து, நகைச்சுவைப் பத்திரிகையில் எழுதிப் பிழைத்தவர் என்பதால் அச்சு உலகின் உள்ளறைகள் அவருக்குப் பழக்கம்.

முதலில் 1952இல் வந்த 'வெள்ளை ஷேக்'. போருக்குப் பிந்தைய இத்தாலியில் புகைப்படங்களால் ஆன தொடர்கதை இதழ்கள் சக்கைப்போடு போட்டன. தேனிலவுக்கு ரோம் வந்த பெண், அப்படி ஓர் இதழின் நாயகனைப் பார்க்கக் கணவனை விடுதியில் விட்டுவிட்டு ஓடுகிறாள். அவள் கண்ணில் அவன் முதலில் படுவது வானத்தில் ஊஞ்சலாடும்போது. தரைக்கு வந்ததும் மிகச் சாதாரண ஆள். அரங்கம் வாய்விட்டுச் சிரித்தது.

அடுத்து, 1960இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவின் உயரிய விருதைப் பெற்ற 'லா டோல்சே வீட்டா'. பிரபலங்களைத் துரத்திப் படமெடுப்பவர்களை 'பாப்பராட்ஸி' என்று உலகம் முழுவதும் இன்று சொல்லும் சொல், இதில் வரும் பாப்பராட்ஸோ என்ற புகைப்படக்காரனின் பெயரிலிருந்து பிறந்தது. நடிகை நீரூற்றில் இறங்கும் காட்சியை எல்லோரும் அறிவார்கள். என்னை உலுக்கியது வேறொரு காட்சி. ஒரு பெண் பஸ்ஸிலிருந்து இறங்கி வீட்டுக்கு நடந்து வருகிறாள். கணவன் பிள்ளைகளைக் கொன்றுவிட்டுத் தானும் இறந்துபோனது அவளுக்கு இன்னும் தெரியாது. புகைப்படக்காரர்கள் சூழ்ந்துகொண்டு படம் எடுக்கிறார்கள். தன்னை யாரோ நடிகை என்று தவறாக நினைத்துவிட்டார்களோ என்று அவள் புன்னகையோடு கேட்கிறாள். படம் முடிந்த பிறகும் நம் உறுப்பினர்கள் நெடுநேரம் எழுந்திருக்கவில்லை. அன்றைய கலந்துரையாடலை மறுவாரத்துக்குத் தள்ளிவைத்தோம்.

'8½' பலருக்குப் பிடிபடவில்லை. ஆனால் நிருபர்களின் கேள்விகளுக்குப் பதில் இல்லாமல், படத்தின் நாயகனான திரைப்பட இயக்குநர் மேசைக்கடியில் தவழ்ந்து ஒளிவதை யாரும் மறக்கவில்லை. இந்தத் திரையிடல், வாடகைக்கு எடுத்த புரொஜெக்டர் பழுதானதால் ஒரு மாதம் தாமதமாக நடந்தது. பொறுத்துக்கொண்ட உறுப்பினர்களுக்கு நன்றி.

நிறைவாக, 1986இல் வந்த 'ஜிஞ்சரும் ஃபிரெட்டும்'. இதற்கு உரிய மரியாதை இன்னும் கிடைக்கவில்லை என்பது என் உறுதியான கருத்து. ஒருகாலத்தில் ஜிஞ்சர் ரோஜர்ஸ், ஃபிரெட் அஸ்டேர் என்ற ஹாலிவுட் நடன ஜோடியைப் போல ஆடிப் பிழைத்த இருவர், முதுமையில் ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சிக்கு அழைக்கப்படுகிறார்கள். பிரபலங்களின் சாயல் கொண்டவர்கள், விந்தை மனிதர்கள் என்று ஒரு பெருங்கூட்டத்தில் அவர்களும் இருவர். ஆட்டத்தின் நடுவே மின்சாரம் போகிறது. அந்த இருட்டில், மேடைத்தரையில் உட்கார்ந்து கிசுகிசுக்கும்போதுதான் இருவரும் மனிதர்களாகிறார்கள். தம் பெயரைப் பயன்படுத்தியதாக நடிகை ஜிஞ்சர் ரோஜர்ஸ் தொடுத்த வழக்கில், 1989இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றமும் படத்தின் பக்கமே நின்றதை வழக்கறிஞரான நம் உறுப்பினர் விளக்கினார்.

தொலைக்காட்சியில் படங்களை வெட்டி விளம்பரம் நுழைப்பதை ஃபெல்லினி வெளிப்படையாக எதிர்த்தார். அதை மதித்து, இவ்வாண்டு எந்தத் திரையிடலிலும் இடைவேளை விடுவதில்லை என்று செயற்குழு முடிவெடுத்தது. 1984இல் அவரே விளம்பரப் படங்கள் எடுத்தாரே என்று ஒரு மூத்த உறுப்பினர் கேட்டார். நியாயமான கேள்வி. விளம்பரம் எடுப்பது ஒன்று, பிறர் படத்தைத் துண்டாக்குவது வேறு என்பதே என் பதில். ஆனால் மூன்று மணி நேரம் உட்கார முடியாத முதியவர்களின் சிரமம் உண்மையானது. அவர்களுக்காக வாசலோர இருக்கைகளை ஒதுக்கினோம். இடைவேளை இல்லாத இந்த ஏற்பாடு தொடர வேண்டுமா என்பதை இன்று நீங்கள் முடிவு செய்ய வேண்டும்.

தமிழ்த் துணைத் தலைப்புகளை இரவெல்லாம் விழித்துத் தயாரித்த இரு இளைஞர்களுக்கும், அரங்கை வாடகையின்றித் தந்த பள்ளி நிர்வாகத்துக்கும் கழகம் கடமைப்பட்டிருக்கிறது. வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் அடுத்து வாசிப்பார். இவ்வறிக்கையைப் பேரவையின் ஒப்புதலுக்கு வைக்கிறேன்.

செயலாளர்