சேர், அது சோடி இல்லை

சேர்,

மணிவிழா மலருக்கு ஒரு பக்கம் தரச்சொல்லி மூன்று தடவை கேட்டுவிட்டார்கள். எழுதினேன். "ஒளிவிளக்கு", "ஏணி" என்றெல்லாம் வந்தது, வாசிக்க எனக்கே கூச்சமாக இருந்தது, கிழித்துப் போட்டுவிட்டேன். அதனால் இங்கே. எங்கள் பிரிவுப் பிள்ளைகள் நாலு பேராவது இதை வாசிப்பார்கள், ஆகவே சில இடங்களில் சுற்றி வளைத்துத்தான் சொல்லுவேன். உங்களுக்கு விளங்கும்.

டஸ்டர் கதைதான். வேறென்ன இருக்கிறது நமக்குள்.

2004. களுவாஞ்சிகுடியில் அந்தத் தகரக் கொட்டில், பின்னேரம் இரண்டு மணி, வியர்வையில் கொப்பித் தாள் கையோடு ஒட்டிக்கொண்டு வருகிறது. நியூட்டனின் மூன்றாம் விதி. டஸ்டரை மேசையில் வைத்துவிட்டுப் பலகையில் இரண்டு அம்புக்குறி கீறினீர்கள், கீழ்நோக்கி நிறை, மேல்நோக்கி மேசையின் மறுதாக்கம். "தாக்கமும் மறுதாக்கமும், சமனும் எதிரும், எழுதுங்க." எல்லாப் பேனையும் ஓடியது. நான் எழும்பி, "சேர், அது சோடி இல்லை" என்றேன்.

வகுப்பு முடிந்து நீங்கள் சைக்கிள் பூட்டைத் திறக்கும்போது சொல்லியிருக்கலாம். எனக்கு அப்போது பதினெட்டு வயது, முன்வாங்கில் யார் இருந்தது என்பதும் ஒரு காரணம் (அதை இங்கே எழுத ஏலாது). இரண்டு விசையும் ஒரே டஸ்டரில்தானே தாக்குகிறது, மூன்றாம் விதிச் சோடி என்றால் இரண்டு வேறு பொருள்களில் அல்லவா தாக்க வேண்டும், பூமி டஸ்டரை இழுப்பதற்குச் சோடி டஸ்டர் பூமியை இழுப்பது, மேசை டஸ்டரை மேலே தள்ளுவதற்குச் சோடி டஸ்டர் மேசையைக் கீழே அமத்துவது என்று ஒரே மூச்சில் கொட்டிவிட்டுச் சிரித்தேன் வேறு. அந்தச் சிரிப்புக்கு மன்னிப்புக் கேட்கிறேன். விடைக்கு இல்லை.

வெண்கட்டியை எப்போதும் பெட்டியில் போடுகிறவர், அன்றைக்குச் சட்டைப்பையில் போட்டீர்கள். நீல நிறத் துணிக்கு மேலால் வெள்ளைத் தூள் தெரிந்தது. "வெளியில போடா" என்றீர்கள், சத்தம் போடாமல்.

ஒன்று சொல்லட்டுமா? விடை உங்களிடமே இருந்தது. கல்முனை பஸ் மதகு மேட்டில் ஏறி இறங்கும்போது வயிறு ஏன் வெறுமையாகிறது என்று கணக்குப் போட்டுக் காட்டியது யார்? 50 கிலோ பொடியன், மணிக்கு 36 கிலோமீற்றர், அதாவது செக்கனுக்கு 10 மீற்றர், மேட்டின் ஆரை 25 மீற்றர். பூமி அவனை 500 நியூட்டனால் இழுக்கிறது, உச்சியில் இருக்கை அவனைத் தள்ளுவதோ 300 நியூட்டன்தான், மிச்சம் 200 அவனை வட்டத்தில் வளைக்கப் போய்விடுகிறது. மூன்றாம் விதிச் சோடி ஒருபோதும் 500க்கு 300 ஆகாதே! மேசையில் சும்மா கிடக்கும் டஸ்டரில் இரண்டும் சமனாக இருப்பது டஸ்டர் அசையாமல் சமநிலையில் இருப்பதனால்தான், அது மூன்றாம் விதியின் வேலையே இல்லை. (இந்தியாவிலிருந்து வாசிப்பவர்களுக்கு: எங்கள் நிறை உங்களுக்கு எடை, எங்கள் திணிவுதான் உங்களுக்கு நிறை. இதனாலேயே பாதிப்பேர் குழம்புகிறார்கள்.) அந்த பஸ் கணக்கை இன்றைக்கும் என் பிள்ளைகளுக்கு உங்கள் குரலிலேயே சொல்லுகிறேன்.

அடுத்த கிழமை பாடத்தைத் திருத்திக் கொடுத்தீர்களாம். கூட்டாளியின் கொப்பியில் பார்த்தேன், பழைய அம்புக்குறிகளை வெட்டிவிட்டு நாலு அம்புக்குறி, இரண்டு சோடி, அச்சொட்டாக நான் சொன்னது. யார் சொன்னது என்று மட்டும் சொல்லவில்லையாம். அதை நான் மறக்கவில்லை, சேர். மலரில் உங்களைப் பெருந்தன்மை என்று எழுதப் போகிறவர்களுக்கு இது தெரியாது.

மறுகா, நீங்கள் என்னிடம் ஒரு மாதமும் வகுப்புக் காசு வாங்கியதில்லை என்பதும் அவர்களுக்குத் தெரியாது. காசு கட்டிப் படித்திருந்தால் அடுத்த நாளே வெட்கமில்லாமல் வந்து குந்தியிருப்பேன். சும்மா படித்தவன் எந்த முகத்தோடு திரும்பி வருவது? திருப்பம், எளிய இசை இயக்கம் எல்லாம் தனியாகக் கிடந்து மாரடித்தேன். அந்த மார்கழிக்குப் பிறகு கொட்டிலும் இல்லை. அதைப்பற்றி எழுதவில்லை.

இப்போது ஏன் இதெல்லாம் என்றால், போன மாதம் உராய்வு படிப்பித்தேன். "உராய்வு எப்போதும் இயக்கத்தை எதிர்க்கும்" என்று சொல்லி முடிக்கவில்லை, பின்வாங்கில் ஒரு பிள்ளை, "அப்ப நடக்கக்குள்ள எங்கட காலை முன்னுக்குத் தள்ளுறது எது, சேர்?" என்றாள். சரிதான். பாதம் நிலத்தில் பின்னுக்கு வழுக்கப் பார்க்கிறது, உராய்வு அதைத்தான் எதிர்க்கிறது, அதனால் நமக்கு அது முன்னுக்குத்தான் வருகிறது. எனக்குத் தெரியாததா? வகுப்பு சிரித்தது. முதலில் வந்தது கோபம் சேர், நல்ல கோபம். கை சட்டைப்பைக்குப் போய்விட்டது, வெண்கட்டியோடு. அவளை வெளியே அனுப்பவில்லை. ஆனால் "கெட்டிக்காரி" என்று சொல்லவும் வாய் வரவில்லை, "சரி, இரு" என்று மட்டும் சொன்னேன். இரண்டு நாள் கழித்துத்தான் பலகையில் அவள் பெயரைப் போட்டுத் திருத்தினேன். அந்த இரண்டு நாளும் உங்கள் நினைவாகவே இருந்தது.

விழாவுக்கு வருவதில்லை என்றுதான் இருந்தேன். வருகிறேன். மேடையில் பேசச் சொல்ல வேண்டாம் என்று அவர்களிடம் சொல்லிவிட்டேன்.

அன்றிரவு எங்கள் வீட்டுப் படலையடிக்கு வந்தீர்களே, சைக்கிளை விட்டு இறங்காமல், "பொடியன நாளைக்கு வரச் சொல்லுங்க" என்று. நான் கதவுக்குப் பின்னால்தான் நின்றேன். அம்மா கூப்பிட்டும் வெளியே வரவில்லை. இதை உங்களிடம் ஒருபோதும் சொன்னதில்லை. அம்மா இன்னும் அதையே சொல்லிக்கொண்டிருக்கிறா, "சேருக்கு அண்டைக்கு ஒரு தேத்தண்ணியும் குடுக்கல்ல" என்று. சனிக்கிழமை விழா முடிந்ததும் வீட்டுக்கு வருவீங்களா என்று கேட்கச் சொன்னா.