அவர்கள் எழுதியது கட்டலான் மொழியில்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் ஸ்பெயின் நாட்டுப் பெண் எழுத்தாளர்களைப் பற்றி வெளிவந்த கட்டுரையை ஆர்வத்துடன் படித்தேன். கார்மென் லாஃபோரெட், மெர்சே ரொடோரெடா, மொன்செராத் ரோச் ஆகிய மூவரையும் ஒரே பக்கத்தில் அறிமுகப்படுத்தியமைக்கு நன்றி. ஆயினும் மூவரையுமே ‘ஸ்பானிய மொழி நாவலாசிரியைகள்’ என்று குறிப்பிட்டிருப்பது சரியன்று. லாஃபோரெட் எழுதியது ஸ்பானிய மொழியில். மற்ற இருவரும் தங்கள் நாவல்களை எழுதியது கட்டலான் மொழியில். கட்டுரையில் எடுத்தாளப்பட்ட பகுதிகள் எவருடைய ஆங்கில மொழிபெயர்ப்பிலிருந்து வந்தவை என்பதும் எங்கும் சொல்லப்படவில்லை. மூலமொழி, மொழிபெயர்ப்பாளர் ஆகிய இரண்டு விவரங்களும் இல்லாமல் இந்த எழுத்தாளர்களின் கதையில் பாதிகூட விளங்காது என்பதாலேயே இதை எழுதுகிறேன்.

பார்சிலோனாவை உள்ளடக்கிய வடகிழக்கு ஸ்பெயினில் வழங்கும் கட்டலான், ஸ்பானியத்தின் வட்டார வழக்கு அன்று. லத்தீனிலிருந்து தனியே கிளைத்து, இடைக்காலத்திலேயே செழித்த இலக்கியம் கொண்ட மொழி. 1939-இல் ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் வென்ற சர்வாதிகாரி பிராங்கோவின் ஆட்சி அதைப் பள்ளிகளிலிருந்தும் அரசு அலுவலகங்களிலிருந்தும் அகற்றியது. தொடக்க ஆண்டுகளில் அம்மொழியில் நூல் வெளியிடுவது ஏறக்குறைய இயலாத காரியமாக இருந்தது. இந்தப் பின்னணியில் லாஃபோரெட்டையும் ரொடோரெடாவையும் அருகருகே வைத்துப் பார்த்தால் வேறுபாடு தெளிவாகும். 23 வயதான லாஃபோரெட், பார்சிலோனாவின் அரிபாவ் தெருவில் பாட்டி வீட்டுக்கு வந்து சேரும் ஒரு மாணவியின் கதையைச் சொல்லும் ‘நாதா’ நாவலுக்காக, 1944-ஆம் ஆண்டுக்கான முதல் நதால் விருதைப் பெற்றார். அடுத்த ஆண்டே நூல் வெளிவந்தது. அதே பார்சிலோனாவில் 1908-இல் பிறந்து, போருக்கு முன்பே கட்டலானில் நாவல்கள் வெளியிட்டிருந்த ரொடோரெடாவோ அக்காலத்தில் பிரான்சில் அகதியாகத் தையல் வேலை செய்து பிழைத்துக்கொண்டிருந்தார். திறமை இருவருக்கும் இருந்தது; அச்சேற்றத் தக்க மொழி ஒருவருக்கே இருந்தது.

பின்னர் ஜெனீவாவில் வாழ்ந்தபோது ரொடோரெடா எழுதிய ‘வைரச் சதுக்கம்’ 1960-இல் கட்டலான் நாவலுக்கான சாந்த் ஜோர்டி விருதுப் போட்டியில் தோற்றது. கட்டலான் பதிப்பாளரும் நாவலாசிரியருமான ஜோன் சாலெஸ் அதை 1962-இல் வெளியிட்டார். போர்முனையில் கணவனை இழந்த கதைநாயகி நதாலியா, குழந்தைகளுக்கு உணவில்லாமல், அவர்களைக் கொன்று தானும் சாவது என்று முடிவெடுத்து, புனல் ஒன்றைக் கொண்டு அவர்கள் வாயில் ஊற்றுவதற்கான அமிலத்தை வாங்க, கையில் காசில்லாமல் மளிகைக் கடைக்குப் போகிறாள். கடைக்காரரோ அவளைத் திரும்ப அழைத்து, தன் வீட்டில் வேலைக்கு வருகிறாயா என்று கேட்கிறார். போர்க்காலப் பஞ்சத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதினாலும் இந்தக் கடை வாசலுக்கு ஈடாகாது என்பது என் கருத்து. அதிகம் படிக்காத ஒரு பெண் மூச்சுவிடாமல் பேசிக்கொண்டே போவதைப் போல, ‘அப்புறம், அப்புறம்’ என்று ஒன்றோடொன்று கோத்த வாக்கியங்களில் நாவல் முழுவதும் நகர்கிறது. இதை 1967-இல் ஈடா ஓ’ஷீல், 1980-இல் டேவிட் ரோசந்தால், 2013-இல் பீட்டர் புஷ் என மூவர் ஆங்கிலத்தில் தந்துள்ளனர். மூவரும் நூலுக்கு வைத்த தலைப்புகள்கூட வேறு வேறு. அந்தப் பேச்சோட்டத்தை எவ்வளவு காப்பது, எங்கே வெட்டிச் சீராக்குவது என்பதை ஒவ்வொருவரும் தம் காதுக்கேற்பவே முடிவு செய்திருப்பர். ஆங்கிலத்தின் வழியாகத் தமிழுக்கு ஒரு பத்தியைக் கொண்டுவருபவர் எந்தப் பதிப்பைக் கையில் வைத்திருந்தார் என்று சொல்லாவிட்டால், நடையைப் பற்றிக் கட்டுரையாளர் வியந்து கூறியவை ரொடோரெடாவைச் சேர்ந்தவையா, மொழிபெயர்ப்பாளரைச் சேர்ந்தவையா என்று வாசகருக்குத் தெரியாது.

கட்டுரையில் இடம்பெறாத ஒருவரையும் இங்கே குறிப்பிட வேண்டும். லெஸ்காலா என்ற கடலோர ஊரைச் சேர்ந்த கத்தரீனா ஆல்பெர்ட், குழந்தைக் கொலை செய்த ஒரு பெண்ணின் தனிமொழியாக எழுதிய நாடகத்துக்கு 1898-இல் ஒலோத் நகர இலக்கியப் போட்டியில் பரிசு கிடைத்தது. எழுதியவர் ஒரு பெண் என்று தெரிந்ததும் எழுந்த கூச்சலுக்குப் பிறகு அவர் விக்தோர் கத்தாலா என்ற ஆண்பெயரிலேயே எழுதலானார். அவருடைய ‘தனிமை’ 1905-இல் நூலாயிற்று. ஆங்கிலத்தில் அது கிடைத்தது 1992-இல். அதையும் மொழிபெயர்த்தவர் மேற்சொன்ன ரோசந்தால்தான்.

ஆங்கிலப் பதிப்பகங்கள் தாமாக ஆர்வம் கொண்டு இந்நூல்களைத் தேடி வந்துவிடவில்லை. அமெரிக்கப் பல்கலைக்கழகங்களில் ஸ்பானிய இலக்கியம் கற்பித்த சிலர், பெரும்பாலும் பெண்கள், தாமே தேடித் தொகுத்த பிறகுதான் கதவு திறந்தது. கேத்லீன் மெக்நெர்னி தொகுத்த கட்டலான் பெண்களின் கதைகள் 1988-இல் நெப்ராஸ்கா பல்கலைக்கழகப் பதிப்பாக வந்தன. 1994-இல் அவரும் கிறிஸ்டினா என்ரீகெஸ் தெ சாலமாங்காவும் இணைந்து, ஸ்பெயினில் தனி மொழிகள் கொண்ட கட்டலான், கலீசிய, பாஸ்க் பகுதிகளின் பெண் எழுத்தாளர்களுக்கு ஒரு வாழ்க்கை, நூல் விவரக் கையேட்டைக் கொண்டுவந்தனர். பெண்களாகவும் சிறுபான்மை மொழியினராகவும் இருப்பதைச் சுட்டும் ‘இருமடங்குச் சிறுபான்மையினர்’ என்பதே அதன் தலைப்பு. (கட்டலான் கவிஞர் மரியா மெர்சே மார்சால் இதற்கு வெகு காலம் முன்பே ஒரு படி மேலே போய், பெண்ணாக, எளிய வர்க்கத்தில், ஒடுக்கப்பட்ட தேசத்தில் பிறந்ததற்கு நன்றி கூறி, தன்னை மும்முறை கலகக்காரி என்று அறிவித்துக்கொண்டார்.) எவர் எப்போது பிறந்தார், எதை எங்கே வெளியிட்டார் என்று தேடித் தொகுக்கும் இத்தகைய வேலைக்கு விருதும் கிடையாது, மேடையும் கிடையாது. பல பல்கலைக்கழகங்களில் பதவி உயர்வுக்கு மொழிபெயர்ப்பு ஆய்வுப் பணியாக மதிக்கப்படுவதும் இல்லை. ஆனால் பின்னால் வந்த ஆய்வாளர்கள் தொடங்க வேண்டிய இடம் அந்தக் கையேடாகவே இருந்தது.

மொழி எல்லையை மதிலாக எழுப்பச் சொல்கிறேன் என்று எவரும் கருத வேண்டாம். கட்டலான் வழங்கும் மயோர்க்காத் தீவில் பிறந்த எழுத்தாளர் கார்மே ரியேரா கட்டலானில் எழுதித் தாமே ஸ்பானியத்திலும் தருபவர். ஸ்பானிய அரச மொழிக்கழகத்தின் உறுப்பினரும்கூட. பிராங்கோ காலத்தில் பிறந்த ரோச்சும் மார்சாலும் பள்ளியில் பயின்றது ஸ்பானியத்தில். அம்மொழியில் எழுதுவது அவர்களுக்கு எளிதாகவே இருந்திருக்கும். அப்படியிருந்தும் கட்டலானைத் தேர்ந்தெடுத்தார்கள். அந்தத் தேர்வைத்தான் ‘ஸ்பானிய மொழி’ என்ற ஒற்றை அடைமொழி அழித்துவிடுகிறது. நாஜி முகாம்களில் அடைபட்ட கட்டலான் மக்களைப் பற்றி, உயிர்தப்பியவர்களைத் தேடிச் சென்று உரையாடி ரோச் எழுதிய பெருநூல் 1977-இல் வந்ததைக் கட்டுரை ஒரு வரியிலாவது சொல்லியிருக்கலாம்.

இன்று நிலைமை மாறியிருக்கிறது. 2002-இல் தொடங்கப்பட்ட ரமோன் லுல் நிறுவனம் கட்டலானிலிருந்து பிற மொழிகளுக்குச் செல்லும் மொழிபெயர்ப்புகளுக்கு நிதி அளிக்கிறது. இக்காலக் கட்டலான் எழுத்தாளர்களான இரேனே சோலாவை மாரா ஃபே லெதெமும், ஏவா பல்தசாரை ஜூலியா சாஞ்செஸும் ஆங்கிலத்தில் தந்துள்ளனர். பல்தசாரின் ‘போல்டர்’ 2023-இல் பன்னாட்டு புக்கர் பரிசின் இறுதிப் பட்டியலில் இடம்பெற்றது. அப்பரிசின் தொகை எழுத்தாளருக்கும் மொழிபெயர்ப்பாளருக்கும் சமமாகப் பிரித்துத் தரப்படுவது என்பதும் இங்கே கருதத்தக்கது.

எனவே தங்கள் இணைப்பில் அயல்மொழி நூல்களைப் பற்றி எழுதும்போது, மூலமொழி, மூலநூல் வெளிவந்த ஆண்டு, இடைமொழி மொழிபெயர்ப்பாளர் பெயர் ஆகிய மூன்றையும் கட்டுரையின் அடியில் ஒரு வரியாகத் தருமாறு வேண்டுகிறேன். மேற்படி கட்டுரைக்கு ஒரு திருத்தக் குறிப்பு வெளியிட்டு, எடுத்தாண்ட பகுதிகள் எந்த ஆங்கிலப் பதிப்பைச் சேர்ந்தவை என்பதையும் கட்டுரையாளரிடம் கேட்டுத் தெரிவித்தால், அந்நூலைத் தேடிப் படிக்க விரும்பும் வாசகர்களுக்குப் பயன்படும்.

தங்கள் உண்மையுள்ள,
வாசகர் ஒருவர்,
திருச்சிராப்பள்ளி.